நிமலன் அண்ணா நடித்த படம்

நியூ லின், ஒக்லாந்து

அன்புள்ள அம்மாவுக்கு,

நான் சுகம். உங்கள் முழங்கால் நோ குறைந்ததா?

போன மாதம் இங்கே பெரிய இடத்து ஆட்களின் நடன விருந்தில் வைன் பரிமாறினேன். பெரியம்மாவின் மகன் நிமலன் அண்ணாவும் கோட்டு சூட்டோடு வந்து, என் தட்டிலிருந்தே ஒரு கிளாஸ் எடுத்தார். என்னைக் கவனிக்கவில்லை என்றே நினைத்தேன்.

அந்த விருந்தை ஒருத்தி குறும்படமாக எடுத்திருக்கிறாள். கதை இல்லை, நடிப்பு இல்லை, நடந்தது மட்டுமே. நேற்றுப் பார்த்தேன். அண்ணா என் முகத்தைப் பார்க்கிறார். சிரிக்கப் போகிறார். பக்கத்தில் நிற்பவர்களைக் கண்டதும் சிரிப்பை விழுங்கிவிட்டுத் திரும்புகிறார்.

இன்று வெட்கமில்லாமல் போன் எடுத்து, "தங்கச்சி, சின்னம்மா மிளகாய்த்தூள் அனுப்பீட்டாவோ?" என்கிறார்.

இம்முறை எனக்கு மட்டும் ஒரு பொதி போதும், அம்மா. பெரியம்மா கேட்டால், இங்கே நான் அண்ணாவைக் காணவேயில்லை என்று சொல்லுங்கள்.

வேலைக்கு நேரமாகிறது.

மகள்,
தயாளினி