காரணம் இல்லாத தாமதம்

தங்கச்சிக்கு,

கிருமாம்பாக்கம் பஸ்ஸில் உன்னைப் பார்த்தேன். கழுத்தில் ஆபீஸ் அட்டை. கூப்பிட மனசு வரவில்லை. பொறாமைதான், வேறென்ன.

நம்மைக் கட்டின அண்ணன் தம்பி ரெண்டு பேரும் கரண்ட் ஆபீஸ் வேலையில் ஒரே கம்பத்தில் கரண்ட் அடித்துப் போனார்கள். புருஷன் வேலையை உனக்குத் தரச்சொன்ன கோர்ட்டு, இப்போது நானே போய்ப் போட்ட மனுவைத் தள்ளிவிட்டது. இத்தனை வருஷம் ஏன் வரவில்லை, காரணமே சொல்லவில்லையாம்.

"இன்னாம்மா, இம்மாம் நாள் இன்னா பண்ணிகினு இருந்த?" என்று வக்கீல் கேட்டார். அவர் காட்டின இடத்தில் கையெழுத்துப் போட்டேன்.

போனவர்களுக்கு வருஷம் திரும்பும்வரை ஒருத்தி வாசல் தாண்டாமல் விளக்கேற்ற வேண்டும் என்று பெரியவர்கள் சொன்னார்கள். "நீ குந்துக்கா, ரெண்டு பேருக்கும் நானே மனு குடுத்துட்டு வரேன்" என்றாய். உன் புருஷனுக்கும் சேர்த்து நான் அழுதேன். நீ வேலைக்குப் போனதும் உன் பிள்ளைகளுக்குச் சோறு ஊட்டினேன். கேட்கும்போதெல்லாம் "உன்னுதும் வரும்க்கா" என்றாய். நம்பினேன். என் மனுவை நீ கொடுக்கவே இல்லை.

அப்பீல் போடலாமாம், காரணம் சொல்ல வேண்டுமாம். இந்தத் தடவை சொல்லப்போகிறேன். அதற்குள் நீயே வக்கீலிடம் வந்து சொல்லிவிட்டால், கூடப் பிறந்தவளைக் காட்டிக்கொடுத்த பாவம் எனக்கு வராது.

பிள்ளைகள் சாப்பிட்டார்களா?

உன் அக்கா