அண்ணை சொன்ன ஆறு

13.8.1967, ஞாயிறு

இன்றைய பத்திரிகையில் என் கதை வந்திருக்கிறது. பகலில் கடலுக்கு ஓடி, பொழுதுபட்டதும் திரும்பி ஓடி, தொலைந்தவற்றையெல்லாம் உரியவர் வாசலில் கொண்டுவந்து வைக்கும் ஓர் ஆற்றின் கதை. கீழே என் பெயர் மட்டும்.

அந்த ஆறு அண்ணையுடையது. அம்மா இறந்த வருடம், நான் அழாமல் தூங்க வேண்டுமென்று அவர் சொன்னது. அவருக்கு அப்போது பதின்மூன்று வயது. பள்ளியை விட்டுத் தோணியில் போகத் தொடங்கியிருந்தார். நாங்கள் இருவரும் ஆற்றைக் கண்டதே இல்லை.

இன்று பருத்தித்துறைச் சந்தையில் மீன் விற்றுவிட்டுப் பத்திரிகையோடு வந்தார்.

"எல்லாருக்கும் காட்டினனான். என்ரை தங்கச்சி முழுக்கத் தானே யோசிச்சு எழுதினது எண்டு சொன்னனான்."

நான் மறுக்கவில்லை.

"அம்மா ஆத்தாலை திரும்பி வாற இடத்தை மட்டும் விட்டிட்டாய், என்ன?"

"இடம் காணாதெண்டு பேப்பர்க்காரர் வெட்டிப்போட்டினம், அண்ணை."

பொய். சிறுபிள்ளைத்தனமாக இருக்கிறதென்று நான்தான் வெட்டினேன்.

"பரவாயில்லை. அது எங்கள் ரெண்டு பேருக்கும் தெரிஞ்சாப் போதும்," என்று சொல்லிவிட்டுக் கிணற்றடிக்குப் போனார்.

இது அண்ணையின் கதை என்று பத்திரிகைக்கு ஒரு கடிதம் எழுதத் தொடங்கினேன். மூன்று தாள் கிழித்தாயிற்று. 'ஐயா' என்பதற்குக் கீழே ஒன்றும் வரவில்லை.