பேய்க்குக் குரல் கிடைத்துவிட்டது

வெள்ளி, ஆடி 9

எங்கள் பேய் வீடியோ கேமின் இரண்டாம் பாகம், பேயின் குரலுக்காகவே ஒரு மாதமாக நின்றுகொண்டிருந்தது. குரல் கொடுக்க வந்தவர்கள் எல்லாரும் அலறித் தீர்த்தார்கள். எங்களுக்குச் சிரிப்புதான் வந்தது. கடைசியில் இன்று என் மனைவி செல்வியை ஸ்டுடியோவுக்கு அழைத்துப் போனேன். அவள் அலறவில்லை. பத்து வருடமாக வீட்டில் தினமும் கேட்பதை மைக்கில் மெதுவாகக் கேட்டாள்.

"ஏனுங்க, கதவைச் சாத்திப்போட்டீங்களா?"

மேனேஜர் ஹெட்போனைக் கழற்றி எறிந்தார். "அம்மணி, இன்னொருக்கா சொல்லாதீங்க, போதும்!"

எல்லாரும் கைதட்டினோம். ஸ்கூட்டரில் வீடு வரும்வரை செல்வி சிரித்துக்கொண்டே வந்தாள்.

இதோ, உள்ளறையிலிருந்து கேட்கிறாள். "ஏனுங்க, கதவைச் சாத்திப்போட்டீங்களா?"

சாத்தியாயிற்று. எனக்கு நன்றாகத் தெரியும். இருந்தாலும் எல்லா விளக்கையும் போட்டுவிட்டு ஒரு தடவை பார்த்துவிட்டு வருகிறேன்.