வாங்காத தீர்ப்பு

மார்ச் 4

வீட்டுவசதிச் சங்கத்துச் செயலாளர் வந்தான். கையில் பழுப்பு உறை. "பெரியம்மா, உங்க கேஸ்ல தீர்ப்பு வந்திருக்கு. கையெழுத்துப் போட்டு வாங்கிக்குங்க" என்றான். கதவைச் சாத்தினேன்.

என் வீட்டுக்காரர் இறந்த அன்று, உடலை எடுப்பதற்கு முன்பே, இவரிடம் இருந்த சங்கத்து மோட்டார் அறைச் சாவி எங்கே என்று கேட்டவன் அவன். அன்றோடு பேச்சை நிறுத்தினேன். அவன் கையால் தண்ணீர்கூட வாங்க மாட்டேன். தீர்ப்பையா வாங்குவேன்?

பக்கத்து வீட்டுக்காரரிடம் ஏதோ சாட்சிக் கையெழுத்து வாங்கிக்கொண்டு போனான். போகட்டும். நான் வாங்காதவரை அது தீர்ப்பே இல்லை.

மார்ச் 5

போர்வைகளைத் துவைத்தேன். வேறொன்றும் இல்லை.

ஜூன் 11

கொழுந்தன் வந்தான், கையில் அளவு நாடாவோடு. வந்தவன் நேரே படுக்கையறைக்குப் போனான்.

"கட்டில் நுழையுமான்னு பார்க்கத்தான் வந்தேன் அண்ணி."

"யார் கட்டில்?"

"எங்க கட்டில்தான். தீர்ப்பு என் பக்கம். அப்பீல் பண்ற நாளும் முடிஞ்சு போச்சே, தெரியாதா?"

இவர் கல்யாணத்துக்கு முன்பே சங்கத்தில் சேர்ந்தவர். வாரிசு என்று அப்போது தம்பியைச் சொல்லிவைத்தார். மாற்றுங்கள், மாற்றுங்கள் என்று எத்தனை முறை சொன்னேன்! செத்தும் போனார், மாற்றவில்லை. அந்த ஒரு பெயரைப் பிடித்துக்கொண்டு கூட்டுறவுப் பதிவாளரிடம் வழக்குப் போட்டவன், இன்று என் ஜன்னலை அளக்கிறான்.

டீ போடட்டுமா என்று கேட்டேன். ஏன் கேட்டேன்?

ஜூன் 12

மகள் வக்கீலிடம் கூட்டிக்கொண்டு போனாள். சின்னப் பெண். மூக்குக்கண்ணாடியைத் துடைத்துத் துடைத்துப் பேசினாள்.

"வாங்க மறுத்தாலும் வாங்கின மாதிரிதான் பாட்டி. அன்னிக்கே கணக்கு ஆரம்பிச்சுடுச்சு. ரெண்டு மாசத்துக்குள்ள அப்பீல் போட்டிருக்கணும்."

நான் சாத்திய கதவுக்கு வெளியே நாள் அதுபாட்டுக்கு ஓடியிருக்கிறது.

மகள், "உன் ரோஷத்தைக் கட்டிக்கிட்டு இரு. அதுக்கு வாடகைக்கு ஒரு வீடு பார்ப்போம்" என்றாள்.

தாமதத்தை மன்னிக்கச் சொல்லி மனுப் போடலாமாம். ஆனால் நியாயமான காரணம் வேண்டுமாம். "செயலாளர் என்ன கொண்டுவந்தார்னு தெரியாது, இல்லைன்னா மறந்துட்டேன்னு சொல்லிடுங்க பாட்டி. வயசானவங்க சொன்னா நம்புவாங்க."

ஜூலை 2

மனுப் போட்டாகிவிட்டது. சாப்பாடு இறங்குகிறது. ருசி மட்டும் தெரியவில்லை.

ஆகஸ்ட் 20

விசாரணை. மேலே மின்விசிறி சத்தம் போட்டுக்கொண்டே இருந்தது. செயலாளர் எதிர் பெஞ்சில். நீதிபதி என்னைப் பார்த்து, "செயலாளர் வந்தப்போ என்ன விஷயம்னு சொன்னாராம்மா?" என்று கேட்டார்.

வக்கீல் பெண் என் முகத்தையே பார்த்தாள். மறந்துட்டேன் — ஒரே ஒரு சொல். அது என் வாயில் வரவில்லை. என் கல்யாணத்தில் யார் யார் என் நிறத்தைப் பார்த்துச் சிரித்தார்கள் என்றுகூட இன்றும் வரிசையாகச் சொல்வேன். நான் எதை மறந்தேன்?

"பெரியம்மா, உங்க கேஸ்ல தீர்ப்பு வந்திருக்கு, கையெழுத்துப் போட்டு வாங்கிக்குங்கன்னான். கட்டம் போட்ட சட்டை. இடது கையில உறை. நான்தான் கதவைச் சாத்தினேன்."

நீதிபதி எழுதுவதை நிறுத்தினார். "அப்போ தெரிஞ்சேதான் வாங்கலையா?"

"அவன் கையால எதுக்குங்க வாங்கணும்?"

பின்னால் யாரோ சிரித்தார்கள். செயலாளர் சிரிக்கவில்லை. தலையைக் குனிந்துகொண்டான். வக்கீல் பெண் கண்ணாடியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டாள்.

 பஸ்ஸிலிருந்து இறங்கும்போது மகள், "ஒரே ஒரு தடவை மறந்திருக்கக் கூடாதாம்மா?" என்றாள்.

செப்டம்பர் 9

தள்ளுபடி. வீடு யாருக்கு நியாயம் என்று அந்த அறையில் ஒருவரும் கேட்கவில்லை. ஏன் தாமதம் என்று மட்டும் கேட்டார்கள். அழுகை வரும் என்று உட்கார்ந்திருந்தேன். வரவில்லை. எழுந்து விளக்குப் போட்டேன்.

அக்டோபர் 3

மகளும் மாப்பிள்ளையும் வேலைக்குப் போன பிறகு அவர்கள் வீட்டு அடுப்பில் சமைத்தேன். உப்பு எங்கே இருக்கிறது என்று தெரியவில்லை. எல்லா டப்பாவையும் திறந்து பார்த்தேன். கடைசியில் மகளுக்குப் போன் பண்ணிக் கேட்டேன்.