அத்தான் போட்ட கையெழுத்து

அன்புள்ள தம்பிக்கு,

அக்கா எழுதுவது. நாங்கள் சுகம். நீ நேரத்துக்குச் சாப்பிடுகிறாயா? போன் செய்தால் எடுக்க மாட்டாய், அதனால்தான் கடிதம்.

கோர்ட்டிலிருந்து உனக்கு முன்பே ஒரு நோட்டீஸ் வந்திருக்கும். பதறாதே. உன் மேல் யாரும் வழக்குப் போடவில்லை. அப்பாவின் உயில் உண்மைதானா என்று விசாரித்து, அதன்படி சொத்தைக் கொடுக்க உத்தரவு போடும் கோர்ட் அது. புரோபேட் என்கிறார்கள். இறந்தவரின் பிள்ளைகள் எல்லோருக்கும் தகவல் சொல்லாமல் அங்கே ஒரு காகிதமும் நகராது.

உயிலில் இருப்பதை நானே சொல்லிவிடுகிறேன். வீடு எனக்கு. அப்பாவின் கறுப்புக் குடை உனக்கு. அவ்வளவுதான். அவருடைய கோபம் உனக்குத் தெரியாததா? நீ வேலை தேடிப் போனதுகூட அவருக்குப் பெரிதில்லை. சொல்லிக்கொள்ளாமல் போனாயே, அதுதான். அந்த உயிலைப் படித்த அன்று எனக்குச் சோறு இறங்கவில்லை.

நீதிபதி ஒரு அம்மாள். சினிமாவில் வருகிற மாதிரி சுத்தியலால் தட்டுவார் என்று பயந்து போனேன். சுத்தியலும் இல்லை, சத்தமும் இல்லை. எங்களுக்கு முன்னால் அண்ணன் தம்பி இரண்டு பேர் அப்பாவின் கட்டிலுக்கு மல்லுக்கு நின்றார்கள். கத்தி முடிக்கும்வரை பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, "சரி, அதுல யாருக்குத் தூக்கம் வரும்?" என்று கேட்டார்.

உயிலில் சாட்சிக் கையெழுத்துப் போட்ட இருவரையும் கூப்பிட்டார்கள். முதலில் நம் தெரு கம்பவுண்டர். அப்பா சுயபுத்தியோடுதான் இருந்தாரா என்று கேட்டதற்கு, "ஊசி வலிக்குதுன்னு என்னை அந்தத் திட்டு திட்டினாரும்மா, நல்லாத் தெளிவா இருந்தாரு" என்றார். அடுத்தது உன் அத்தான், சலவைச் சட்டையோடு. இந்தம்மா உங்களுக்கு என்ன உறவு என்று நீதிபதி கேட்க, "என் சம்சாரம்தாங்க" என்று வாயெல்லாம் பல்லாகச் சொன்னார். பக்கத்தில் நின்ற எங்கள் வக்கீல் தலையில் கைவைத்துக்கொண்டார். மனுஷன் அதுவரை அதைக் கவனிக்கவே இல்லை!

வீட்டிலேயே ஆள் இருக்கும்போது வெளியில் எதற்குச் சாட்சி என்று அப்பாதான் அவரைக் கூப்பிட்டுக் கையெழுத்து வாங்கினார். சாட்சி போட்டவருக்கும் அவர் மனைவிக்கும் அந்த உயிலால் சொத்து சேராதாம். யாரும் வயதானவர்களை மயக்கி எழுதி வாங்கக் கூடாது என்பதற்காக வைத்த சட்டம். "உங்க மேல சந்தேகம் இல்லம்மா. ஆனா சட்டம் ஆளைப் பாத்து மாறாது" என்றார் நீதிபதி. உயில் செல்லும், எனக்கு வீடு என்பது மட்டும் செல்லாது. உயிலே எழுதாத சொத்து மாதிரி, வீடு இனி பிள்ளைகள் நம் இருவருக்கும் சரிபாதி.

தவளை தன் வாயால் கெட்ட கதையாகிவிட்டதே என்று உன் அத்தான் புலம்புகிறார். வாயால் இல்லை, கையால் என்றேன். அவருக்குச் சிரிப்பு வரவில்லை. அவர் மின்விசிறி பழுது பார்ப்பது நம் வீட்டு முன்னறையில்தான். நீ வீட்டை விற்கலாம் என்றால் எங்கள் பிழைப்புக்கு வேறு இடம் தேட வேண்டும். பயமே இல்லை என்று உன்னிடம் பொய் சொல்ல மாட்டேன்.

உன் பங்கு வேண்டாம் என்று நீ எழுதிக் கொடுத்தால் போதும் என்று வக்கீல் ஒரு காகிதம் தந்திருக்கிறார். இத்துடன் அனுப்பியிருக்கிறேன். தம்பி, அதில் கையெழுத்துப் போடாதே.

நிஜத்தைச் சொல்லட்டுமா? பாதி உனக்கு என்று நீதிபதி சொன்னதும் எனக்குத்தான் நெஞ்சு லேசானது. அப்பா உன்னை வெளியில் நிறுத்தின வீட்டில் நான் மட்டும் எப்படிடா படுத்துத் தூங்குவேன்?

இன்னொன்று. குடை உனக்கு என்பது செல்லுமாம். உரியவர் கையில் கொடுத்து ரசீது வாங்கி வா என்று நீதிபதி சொல்லியிருக்கிறார். வக்கீல் சிரித்தார். நான் சிரிக்கவில்லை. பள்ளிக்கூடம் விடும் நேரம் மழை வந்தால், அந்தக் குடையை முழுக்க உன் பக்கம் சாய்த்துப் பிடித்துக்கொண்டு அப்பா தொப்பலாக நனைந்து வருவார். மறந்துவிட்டாயா? கோபத்தில் எழுதினாரோ, வேறு எதை நினைத்து எழுதினாரோ. அவரைத்தான் கேட்க முடியாது.

குடையில் உடைந்திருந்த கம்பியை உன் அத்தான் சரிசெய்துவிட்டார். கதவுக்குப் பின்னால் மாட்டியிருக்கிறது. அதைப் பார்சலில் அனுப்ப மாட்டேன். வீட்டை என்ன செய்வது என்பதை நீ வந்து உட்கார்ந்து சொல், கேட்டுக்கொள்கிறேன். இந்தத் தடவையாவது வருகிறேன் என்று சொல்லிவிட்டு வா. சொல்லாமல் வந்தாலும் சரி, வா.

நீ நன்றாக இருக்க வேண்டும் என்று தினமும் வேண்டிக்கொள்ளும்,
அக்கா