கம்பெனி உடைப்பு

உங்கள் நினைவாகத்தான் அந்தப் பழைய ரயில் மேட்டைத் தொடவிடாமல் மறிக்கிறேன் என்று நம் தெருவில் பேசிக்கொள்கிறார்கள். அது தவறு. மேட்டின் மேல் ரோடு போடட்டும். எனக்கு ஆட்சேபம் இல்லை. மேடு அறுந்து கிடக்கும் அந்தக் கம்பெனி உடைப்பை மண் கொட்டி மூடக் கூடாது என்றுதான் சொல்கிறேன். காலையிலிருந்து லாரிகள் கொட்டும் செம்மண்ணின் ஈர வாசனை சமையலறை வரை வந்துவிட்டது. அதனால்தான் இதை எழுத உட்கார்ந்தேன்.

கல்யாணமான புதிதில் நீங்கள் என்னை முதலில் அழைத்துப்போனது கோயிலுக்கு அல்ல, அந்த உடைப்புக்கு. கடலூரில் கன்னியாஸ்திரீகளிடம் படித்தவள், சேற்றைக் கண்டு தயங்கி நின்றேன். "செருப்பக் கழட்டு, கான்வென்ட்டு," என்றீர்கள். சிதம்பரத்து நெல்லைக் கடலூர்த் துறைமுகத்துக்கு ஏற்றிப்போக ஒரு சின்னக் கம்பெனி போட்ட பாதை அது என்று அங்கே நின்றுதான் சொன்னீர்கள். கோடையில் வந்து அளந்தார்களாம். காய்ந்து கிடந்த வாய்க்காலை மாட்டுவண்டித் தடம் என்று நினைத்து, பாலம் வைக்காமல் மண்ணால் அடைத்துவிட்டார்கள். கீரப்பாளையம் பக்கமிருந்து பிச்சாவரத்துக்கு வடிய வேண்டிய வெள்ளம் மேட்டில் முட்டி நின்றது. மேற்கே இருந்த குடிசைகளெல்லாம் முழுகிய பிறகுதான் மேடு அறுந்தது. கம்பெனியும் அந்த மழையோடு போயிற்று.

"சித்திரையில அளந்தான், கார்த்திகையில மாட்டிக்கிட்டான்," என்று சிரித்தீர்கள். நான் சிரிக்கவில்லை. நாம் வீடு கட்ட வாங்கியிருந்த மனையும் மேற்கேதான் இருந்தது.

ஐப்பசி பிறக்கும் முன் வீட்டுக்கு ஒருவர் உடைப்பில் இறங்கி நாணலையும் ஆகாயத்தாமரையையும் அகற்றுவது நம் தெருவின் வழக்கம். நீங்கள் போன பிறகு யாரும் இறங்கவில்லை. புதர் மண்டி, மண் மேவி, இந்தக் கோடையில் அளக்க வந்தவர்களுக்கு அது வெறும் தரையாகத் தெரிந்திருக்கிறது.

குழாயாவது பதியுங்கள் என்று என்ஜினீயரிடம் அப்போதே சொன்னேன். "தண்ணியே இல்லியேம்மா, எதுக்குக் குழா? வந்தா பாத்துக்கலாம்," என்றார். பக்கத்தில் நின்ற எதிர்வீட்டுக்காரர், "ஐயா போயி இத்தினி வருஷமாச்சு, இந்தம்மா இன்னும் அவரு ரயிலுக்குக் கொடி காட்டிக்கினு நிக்குது," என்றார். அவர் வீடும் மேற்கேதான். கீழறையில் அவருடைய தாயார் படுத்த படுக்கையாகக் கிடக்கிறார்.

இப்போது மழை தொடங்கிவிட்டது. இன்று மட்டும் வெயில். ஆனாலும் கிணற்றில் தண்ணீர் கைக்கு எட்டுகிறது. வயல் பாம்புகள் நம் காம்பவுண்டுச் சுவரின் மேல் ஏறிக் கிடக்கின்றன. நீங்கள் இருந்தால் இதற்கும் ஒரு கேலி சொல்லியிருப்பீர்கள். எனக்குக் கேலி வராது. அந்த உடைப்பு எதற்காக இருக்கிறது என்பது மட்டுமே உங்களிடமிருந்து எனக்குத் தங்கியிருக்கிறது. அதைத் தெரிந்துவைத்துக்கொண்டு சும்மா இருக்க என்னால் முடியாது.

ஆகவே இந்த மடலின் நகலை என்ஜினீயருக்கும் அனுப்புகிறேன். ஐயா, உடைப்பை மூடிய பின் மேற்கே சேரும் தண்ணீர் எந்த வழியாக வெளியேறும்? வாயால் சொல்ல வேண்டாம். நாளை லாரி வருவதற்கு முன் எழுத்தில் பதில் தரவும்.