கார்டின் பச்சைக் கொடி

12 ஜூலை 1998, ஞாயிறு
காலையிலிருந்து தூறல். துணி காயவில்லை. என் வீட்டுக்காரர் மறுபடி தெருமுனையில் நின்று விவேக் நகர் பஸ்ஸுக்குப் பச்சைக் கொடி காட்டிக்கொண்டு. ரிடயர் ஆன ரயில்வே கார்டு, நினைவு தப்பியவர் என்று டிரைவர்களுக்குத் தெரியும், சிரிக்கிறார்கள். எனக்குத்தான் மானம் போகிறது. கொடியைப் பிடுங்கி அரிசி டப்பாவில் ஒளித்தேன். வீடெல்லாம் தேடினார். தேடட்டும் என்று விட்டுவிட்டேன்.

13, திங்கள்
பால் வாங்கித் திரும்புவதற்குள் ஆள் இல்லை. பெட்டியிலிருந்த வெள்ளை யூனிபார்மும் இல்லை.
தேடியது: கோயில், மார்க்கெட், அடுகோடியில் என் தம்பி வீடு, ஆஸ்பத்திரி இரண்டு.
போலீஸ் ஸ்டேஷனில் கான்ஸ்டபிள் கன்னடத்தில்: "பர்த்தாரம்மா, பர்த்தாரெ." வருவாராம்.
மகள் ஸ்டெல்லா: "அந்தக் கொடி உன்னை என்னம்மா பண்ணுச்சு?"
அரிசி டப்பாவிலிருந்து கொடியை எடுத்து வைத்தேன்.

14, செவ்வாய்
புத்தி இன்றுதான் வந்தது. கொடி தொலைத்த கார்டு வேறெங்கே போவார்? சிட்டி ரயில்வே ஸ்டேஷன். 31 வருட வேலை. போட்டோவோடு ஓடினேன். மெட்ராஸ் வண்டி, பம்பாய் வண்டி, ஊர் மொத்தமும் இங்கேதான் இறங்குகிறது. இதில் ஒருவரை எங்கே தேட? கவுண்டர், வெயிட்டிங் ஹால், டீ ஸ்டால், எதிரே பஸ் ஸ்டாண்ட். அங்கே முன்பு ஏரி இருந்தது என்று எத்தனை தடவை சொல்லியிருப்பார். காது கொடுத்ததில்லை.
போர்ட்டர் முனிரத்தினம்: "கார்டு சாரை நேத்து பாத்தேன்மா. மைசூரு மீட்டர் கேஜ் வண்டி எந்த பிளாட்பாரம்னு கேட்டாரு. அந்த லைனைப் புடுங்கி எத்தினி வருசமாச்சு, நான் என்னான்னு சொல்ல?"
அவர் சுகர் மாத்திரை போட்டு இரண்டு நாள் ஆகிறது. ஆண்டவரே, என்ன செய்துவிட்டேன்.

15, புதன்
மழை. பையில் மாத்திரை, சப்பாத்தி, கொடி. எல்லாப் பிளாட்பாரமும் இரண்டு முறை. கால் வீங்கிவிட்டது. மதியம், கடைசிப் பிளாட்பாரத்தின் கோடியில் நின்று பச்சைக் கொடியை விரித்து ஆட்டினேன். பிளாட்பாரத்தில் வண்டி எதுவும் இல்லை. பைத்தியம் என்று நினைக்கட்டும்.
பார்சல் மூட்டைகளுக்குப் பின்னாலிருந்து ஓடி வந்தார். அவரேதான். வெள்ளை யூனிபார்ம் முழுக்கச் சேறு.
"யாரும்மா நீ? சிக்னல் விழாம கொடி காட்டுறே? எத்தினி பேர் உசிரு தெரியுமா?"
கொடியைப் பிடுங்கிப் பதமாகச் சுருட்டினார்.
"நான் ரோசிங்க" என்றேன். முப்பத்தாறு வருடப் பெண்டாட்டி.
"மைசூரா? உக்காரும்மா. வண்டி லேட்டு."
மாத்திரை போட்டுக்கொண்டார். வீட்டுக்கு வரமாட்டாராம், டியூட்டியாம். ஸ்டெல்லாவுக்குப் போன் செய்ய முனிரத்தினம் போயிருக்கிறார். பெஞ்சில் பக்கத்தில் உட்கார்ந்து எழுதுகிறேன். இடது கையில் அவர் சட்டை நுனி. விடமாட்டேன்.
இப்போது கேட்கிறார்: "தனியா வந்திருக்கியே, வீட்ல உன்னைத் தேட மாட்டாங்களா?"